தோத்துப்போன ஒரு பெட்டியும் பாரிஸ்ல ஒரு பெட்ரூமும்: பிரெஞ்சு ஹவுஸ் இசை எப்படி வேலை செய்யுது?

எலக்ட்ரானிக் மியூசிக்னு பேச்சு வந்தாலே யாராவது ஒருத்தர் "பட்டனை அமுக்குனா பாட்டு வந்துடும், இதுல என்ன திறமை இருக்கு"ன்னு சொல்வாங்க, பக்கத்துல இருக்கறவர் "பழைய பாட்டை வெட்டி ஒட்டறாங்க, திருட்டு தானே"ன்னு சேர்த்துப்பார். பிரெஞ்சு ஹவுஸ்னு சொல்ற பாரிஸ் கிளப் நடன இசையில பேர் போன ரெண்டு பேர் குழு டாஃப்ட் பங்க், அவங்க பேரை எடுத்தா "அது இசையே இல்ல, ஹெல்மெட் மாட்டுன மார்க்கெட்டிங்"னு முடிச்சிடுவாங்க. பல வருஷமா இதைக் கேட்டுட்டு இருக்கேன், எனக்கு ரொம்ப பிடிச்ச இசைங்கறதால ஒவ்வொரு தடவையும் மனசு கஷ்டமா இருக்கும், அதனால ஒரு தடவை பொறுமையா உக்காந்து எழுதிடலாம்னு தோணுச்சு.

இந்தக் கதையில "தோல்வி"ங்கற வார்த்தை அடிக்கடி வரும். அதையும் நாம ரொம்ப லூசா தான் பயன்படுத்தறோம். ஒரு பொருள் மார்க்கெட்ல ஓடலைன்னா பொருளே மோசம்னு நினைக்கறோம். ஆனா பல நேரம் தோக்கறது பொருள் இல்ல, அதை எதுக்குன்னு சொல்லி வித்தாங்களோ அந்த உபயோகம் தான். பாரிஸ் பையன்களோட இசை இந்த இடைவெளியில தான் முளைச்சுச்சு, ஆனா அது ஆரம்பிக்கறது ஜப்பான்ல.

பேஸ் கிட்டார்காரர் வராத நாளுக்கு ஒரு பெட்டி

1981. ஜப்பான்ல ரோலண்ட் கம்பெனி டிபி-303ன்னு ஒரு சின்ன வெள்ளி கலர் பெட்டியை வெளியிடுது, டிசைன் பண்ணவர் தடாவோ கிகுமோட்டோ. நோக்கம் ரொம்ப சாதாரணமானது. தனியா உக்காந்து கிட்டார் பிராக்டிஸ் பண்றவருக்குப் பின்னாடி பேஸ் வாசிக்க ஆள் வேணும், அந்த ஆளுக்குப் பதிலா இந்தப் பெட்டி. டிரம்ஸுக்கு டிஆர்-606ன்னு இன்னொரு பெட்டி, ரெண்டையும் இணைச்சா வீட்லயே ஒரு குட்டி பேண்ட்.

கேக்க நல்லா தான் இருக்கு. ஆனா அதுல வந்த சத்தத்துக்கும் பேஸ் கிட்டாருக்கும் சம்பந்தமே இல்ல. கொழகொழன்னு, வாத்து கத்தற மாதிரி, சில நேரம் ரப்பரை இழுத்து விட்ட மாதிரி இருந்துச்சு. அதுல ஒரு மெட்டை ஏத்தறதும் பெரிய பாடு, ஸ்வரங்களை ஒரு தடவை தனியா ஏத்தணும், எந்த ஸ்வரம் எப்ப வரணும்ங்கற கணக்கை இன்னொரு தடவை தனியா ஏத்தணும், நடுவுல ஒண்ணு தப்புனா எல்லாமே நகர்ந்து போயிடும். கிட்டார்காரங்க வாங்கிப் பாத்தாங்க, தலையைச் சொறிஞ்சாங்க, பரண்ல போட்டுட்டாங்க. சுமார் 10,000 பெட்டி போனதோட 1984ல உற்பத்தியை நிறுத்திட்டாங்க.

அதே கம்பெனியோட டிஆர்-808 டிரம் மெஷினுக்கும் கிட்டத்தட்ட இதே கதி தான். அப்ப லின் எல்எம்-1னு ஒரு டிரம் மெஷின் கிட்டத்தட்ட 5,000 டாலர், அதுல நிஜ டிரம்ஸையே ரெக்கார்ட் பண்ணி உள்ள வெச்சிருந்தாங்க. 808ஓட விலை 1,195 டாலர் தான், ஆனா சத்தம் முழுக்க மின்சுற்றுலயே உருவாக்குனது, அதனால நிஜ டிரம்ஸ் மாதிரி இல்ல. சுமார் 12,000 பெட்டியோட 1983ல அதுவும் நின்னுச்சு. அடுத்து வந்த டிஆர்-909 சுமார் 10,000.

கம்பெனி எங்க சறுக்குச்சுன்னு பாத்தா, பெட்டிங்க உடைஞ்சு போகலை, ஏத்தி வெச்சதை ஒழுங்கா தான் வாசிச்சுது. "நிஜ கருவி மாதிரியே இருக்கும்"னு சொல்லி வித்ததால வாங்கறவர் அதை நிஜ கருவி கூட தான் ஒப்பிடுவார், அந்தப் போட்டியில இது ஜெயிக்கவே முடியாது.

பதினாறு மாத்திரை: ஸ்டெப் சீக்வென்சர்

பெட்டிக்குள்ள என்ன நடக்குதுன்னு தெரியாம மேல போக முடியாது, ஆனா பயப்படாதீங்க, நமக்கு இது ஏற்கனவே தெரிஞ்ச சமாச்சாரம். கையில நாலு தட்டு போடுங்க, ஒவ்வொரு தட்டுக்கும் "தகதிமி" சொல்லுங்க. நாலு நாலு பதினாறு, சதுஸ்ர நடையில நாலு அட்சரம், அவ்ளோ தான். 303லயும் 808லயும் இந்தப் பதினாறும் வரிசையா இருக்கும், எந்த இடத்துல சத்தம் வரணும், எந்த இடம் சும்மா இருக்கணும்னு முன்னாடியே குறிச்சு வெச்சா மெஷின் சுத்திச் சுத்தி வாசிச்சுட்டே இருக்கும். இதுக்குப் பேரு தான் ஸ்டெப் சீக்வென்சர்.

பட்டனை அமுக்குனா பாட்டு வந்துடும்னு சொல்றது இதைப் பாத்து தான். ஆனா பதினாறு மாத்திரை சுத்தறது பாட்டு இல்ல, அது வெறும் தாளக்கட்டு, மிருதங்கக்காரர் தாளம் தெரிஞ்சதனால மட்டும் கச்சேரி வாசிச்சிட முடியாது இல்லையா. அது சுத்திட்டு இருக்கும்போது கை என்ன பண்ணுதுங்கறது தான் விஷயம்.

ஊ... ஆ... ஈ: ஃபில்டர்

ஒரு சின்ன சோதனை. மூச்சை விடாம ஒரே சுருதியில "ஊ"ன்னு ஆரம்பிச்சு மெதுவா "ஆ"வுக்கு வந்து அப்படியே "ஈ"க்குப் போங்க. தொண்டையில வர்ற சத்தம் மாறவே இல்ல, வாயோட வடிவம் தான் மாறுச்சு, ஆனா கேக்கறவருக்கு மூணு வேற சத்தம். வாய் என்ன பண்ணுச்சு? தொண்டையில இருந்து வந்த சத்தத்துல சில பகுதியை விட்டுச்சு, சில பகுதியை அடைச்சுது. அந்த வேலையைச் செய்யற மின்சுற்று தான் ஃபில்டர்.

இன்னொரு உதாரணம் நம்ம தெருவுலயே இருக்கு. நாலு வீடு தள்ளி கல்யாண வீட்ல ஸ்பீக்கர் போட்டிருக்காங்க, உங்க வீட்டு ஜன்னல் சாத்தியிருக்கு, உங்களுக்கு "டும் டும்"னு அடி மட்டும் கேக்கும், பாடறவர் குரல் கேக்காது. ஜன்னலைக் கொஞ்சம் கொஞ்சமா திறந்தா குரல், வயலின், கடைசியா ஜால்ரா வரைக்கும் ஒண்ணொண்ணா உள்ள வரும். மேல் ஸ்தாயி சத்தத்தை அடைச்சு கீழ் ஸ்தாயியை மட்டும் விடற இந்த வகை ஃபில்டர்ல, ஜன்னல் எவ்ளோ திறந்திருக்குங்கறது தான் கட்ஆஃப். திறந்திருக்கற விளிம்புல இருக்கற சத்தத்தை மட்டும் தனியா தூக்கிக் கொடுக்கறது ரெசொனன்ஸ், குடத்துக்குள்ள வாயை வெச்சுப் பேசும்போது ஒரு குறிப்பிட்ட சத்தம் மட்டும் "ங்"னு எழும்பும் பாருங்க, அந்த மாதிரி.

303ஓட மேல் பக்கம் ஆறு குமிழ் இருக்கு, அதுல ஒண்ணு கட்ஆஃப், ஒண்ணு ரெசொனன்ஸ். மெஷின் சுத்திட்டு இருக்கும்போதே இதையெல்லாம் திருகலாம். ஒரு தடவை சரியா செட் பண்ணி வெச்சிட்டு கிட்டாரை எடுப்பாங்கன்னு தான் கம்பெனி நினைச்சுது. வாசிக்க வேண்டியதே அந்தக் குமிழ் தான்னு யாருக்கும் தோணல.

சுருக்கமா இதுவரைக்கும்: சீக்வென்சர் தாளக்கட்டு மாதிரி சுத்தும், ஃபில்டர் வாய் மாதிரி அந்தச் சத்தத்துக்கு வடிவம் கொடுக்கும், குமிழ்ல இருக்கற கை தான் கலைஞரோட கை.

விலை இறங்குனப்ப நடந்தது

உற்பத்தி நின்ன பொருள் பழைய சாமான் கடைக்கு வரும், அங்க விலை இறங்கும், புதுசு வாங்க வசதியில்லாத பசங்க கைக்குப் போகும், அவங்களுக்கு அது எதுக்காக செஞ்சதுன்னு தெரியாது, தெரிஞ்சாலும் கவலையில்ல. இந்த வரிசையை மனசுல வெச்சுக்கங்க, பிரெஞ்சு கதைக்கும் இதான் அடிப்படை.

சிகாகோல ஃபியூச்சர்னு ஒரு குழு, டிஜே பியரும் அவர் நண்பர்களும். ஒரு பழைய 303 கிடைச்சுது, எப்படி ஏத்தறதுன்னு தெரியல, உள்ள ஏதோ ஒரு பேட்டர்ன் ஓடிட்டு இருந்துச்சு, பியர் குமிழைத் திருக ஆரம்பிச்சார், சத்தம் நெளிஞ்சு வளைஞ்சு கத்துச்சு, நிறுத்தாதேன்னு அப்படியே டேப்ல பிடிச்சாங்க. அதை ரான் ஹார்டிங்கற டிஜே கிட்ட கொடுத்தாங்க, மியூசிக் பாக்ஸ் கிளப்ல அவர் அதை ஒரே ராத்திரியில நாலு தடவை போட்டார். முதல் தடவை ஆடிட்டு இருந்தவங்க தளத்தை விட்டே போயிட்டாங்க. நாலாவது தடவை கூட்டம் வெறி பிடிச்ச மாதிரி ஆடுச்சு. 1987ல அது ரெக்கார்டா வந்தப்ப ஹவுஸ்ங்கற கிளப் நடன இசையில ஆசிட் ஹவுஸ்ங்கற வகையே பிறந்துச்சு.

இங்க நம்ம நாட்டுப் பக்கம் ஒரு விஷயம் சொல்லியே ஆகணும். 1982லயே பம்பாய்ல சரண்ஜித் சிங்னு சினிமா இசைக்குழுவுல வாசிச்சவர் இதே 303, 808 ரெண்டையும் வெச்சு பத்து ராகங்களை டிஸ்கோ தாளத்துல ஆல்பமா போட்டார். சிகாகோவுக்கு அஞ்சு வருஷம் முன்னாடி! விக்கவே இல்ல. 2010ல மறுபடி வெளியானப்ப தான் உலகம் ஆச்சரியப்பட்டுச்சு. 303ல ஒரு சத்தத்துல இருந்து அடுத்ததுக்கு வழுக்கிப் போற வசதி இருக்கு, அதை கமகத்துக்குப் பயன்படுத்தலாம்னு அவருக்கு அன்னிக்கே தோணியிருக்குங்கறதை நினைச்சா எனக்கு இன்னமும் சிலிர்க்கும்.

பாரிஸுக்கு வருவோம்

தோமா பாங்கால்டர், கி-மானுவெல் தெ ஓமெம் கிறிஸ்தோ, லோரான் பிராங்கோவிட்ஸ். மூணு பேரும் டார்லின்னு ஒரு கிட்டார் பேண்ட் வெச்சிருந்தாங்க. பிரிட்டன்ல மெலடி மேக்கர் பத்திரிகை அவங்க பாட்டைக் கேட்டுட்டு "மடத்தனமான பங்க் இரைச்சல்"ங்கற அர்த்தத்துல ஒரு வரி எழுதி ஒதுக்கிடுச்சு. பேண்ட் கலைஞ்சுது. பிராங்கோவிட்ஸ் பின்னாடி ஃபீனிக்ஸ் பேண்டுக்குப் போனார், மத்த ரெண்டு பேரும் அந்தத் திட்டு வார்த்தையையே பேரா வெச்சுக்கிட்டாங்க, அது தான் டாஃப்ட் பங்க்.

1993ல பாங்கால்டர் ஒரு 303 வாங்குனார். சும்மா தோணுன மாதிரி சில பேட்டர்ன் ஏத்தி வெச்சிருந்தார். பின்னாடி "டா ஃபங்க்" பாட்டுக்கு பேஸ் மெட்டு தேடுனப்ப புதுசா உருவாக்கல, ஏற்கனவே ஏத்தி வெச்சதையெல்லாம் ஓட விட்டுக் கேட்டு பொருத்தமானதை எடுத்துக்கிட்டாங்க. 1995ல அது வெளியானது பாரிஸ்ல இருந்து இல்ல, ஸ்காட்லாந்துல கிளாஸ்கோ நகரத்து சோமாங்கற சின்ன லேபிள், அதாவது ரெக்கார்டு கம்பெனி மூலமா.

அப்ப பிரான்ஸ்ல இந்த இசைக்கு மரியாதை கிடையாது. 1995ல உள்துறை அமைச்சகம் இந்த இசைக்கு ராத்திரி முழுக்க ஆடற ரேவ் பார்ட்டிகளை ஆபத்தான கூட்டம்னு சொல்லி சுற்றறிக்கை விட்டுச்சு. 1996ல லியோன் நகரத்துல ஒரு பெரிய நிகழ்ச்சியைத் தடை பண்ணாங்க, அந்தக் கோவத்துல தான் இந்த இசைக்காகப் பேசற டெக்னோபோல்ங்கற சங்கமே உருவாச்சு. டாஃப்ட் பங்கோட முதல் ஆல்பத்துல "ரெவல்யூஷன் 909"னு ஒரு பாட்டு, போலீஸ் வந்து பார்ட்டியை நிறுத்தற சத்தத்தோட ஆரம்பிக்கும். பேர்லயே பாருங்க, விக்காம நின்ன அந்த 909. 1998ல பாரிஸ் தெருவுல டெக்னோ பரேட்னு இந்த இசையோட ஊர்வலமே போச்சு, மூணே வருஷத்துல காத்து அவ்ளோ மாறியிருந்துச்சு.

கீறல் விழுந்த ரெக்கார்டும் ரேடியோ அறிவிப்பாளரும்

பிரெஞ்சு ஹவுஸ்னு சொல்றதோட உள் வேலை என்னன்னா மூணு விஷயம் தான்.

முதல்ல லூப். கீறல் விழுந்த ரெக்கார்டு ஒரே வரியைத் திரும்பத் திரும்பப் பாடும்ல, அதை வேணும்னே, தாளம் தப்பாம பண்றது. பழைய டிஸ்கோ ரெக்கார்டுல இருந்து எடுக்கற அந்தத் துண்டுக்கு சாம்பிள்னு பேரு. எடுக்கற மெஷின் சாம்ப்ளர். எஸ்பி-1200ன்னு அந்தக் காலத்துல பிரபலமான சாம்ப்ளர்ல மொத்தமே 10 செகண்ட் தான் பிடிக்கும், அதனால துண்டு சின்னதா தான் இருக்கும், எந்தத் துண்டுங்கறதுல தான் காது தெரியும். ஒரு முழுப் பாட்டுல எந்த ரெண்டு செகண்டை நூறு தடவை கேட்டாலும் சலிக்காது? நீங்களே உங்களுக்குப் பிடிச்ச ஒரு பாட்டை எடுத்து தேடிப் பாருங்க, எவ்ளோ கஷ்டம்னு புரியும்.

ரெண்டாவது ஃபில்டர், மேல சொன்ன அதே ஜன்னல். சிகாகோக்காரங்க 303ஓட சொந்த சத்தத்துக்கு அதைத் திருகுனாங்க, பாரிஸ்காரங்க முழு லூப்பையும் ஜன்னலுக்குப் பின்னாடி வெச்சு மெதுவா திறந்தாங்க. லூப் மாறல, ஆனா கேக்கறவருக்கு ஏதோ நெருங்கி வர்ற மாதிரி, தெருக்கோடியில வர்ற ஊர்வலம் வாசலுக்கு வந்துட்ட மாதிரி இருக்கும். 1998ல பாங்கால்டர், ஆலன் பிராக்ஸ், பெஞ்சமின் டயமண்ட் மூணு பேரும் ஸ்டார்டஸ்ட்ங்கற பேர்ல ஒரே ஒரு பாட்டு போட்டாங்க. 1981ல வந்த சாகா கான் பாட்டுல இருந்து ஒரு கிட்டார் துண்டு, அது தான் பாட்டோட முதுகெலும்பு. உலகமே ஆடுச்சு.

மூணாவது கம்ப்ரஸர். எஃப்எம்ல அறிவிப்பாளர் பேச ஆரம்பிச்சதும் பின்னாடி ஓடற பாட்டு தானா சத்தம் குறையும், அவர் நிறுத்துனதும் மேல வரும், கவனிச்சிருப்பீங்க. சத்தம் ஒரு அளவைத் தாண்டுனா தானா அமுக்கற கருவி தான் கம்ப்ரஸர். பிரெஞ்சு ஹவுஸ்ல அறிவிப்பாளர் இடத்துல டிரம்ஸோட "தும்" இருக்கு. ஒவ்வொரு தும்முக்கும் மத்த சத்தமெல்லாம் ஒரு நொடி குனிஞ்சு நிமிரும், பாட்டே மூச்சு விடற மாதிரி இருக்கும். இதுக்கு அவங்க பயன்படுத்துனதுல அலெசிஸ் 3630ன்னு ஒரு கருவி ரொம்பப் பேர் சொல்வாங்க, அது விலை கம்மியான சாமான் தான், அது அமுக்கறது வெளிப்படையா காதுல கேக்கும்னு பெரிய ஸ்டூடியோக்காரங்க ஒதுக்குவாங்க. இவங்களுக்கு வேண்டியதே அந்த அமுக்கல் தான்.

1997 ஜனவரில வந்த முதல் ஆல்பத்துக்கு "ஹோம்வொர்க்"னு பேரு. பெரும்பாலும் பாங்கால்டரோட பெட்ரூம்ல செஞ்சது, பேருக்குப் பொருத்தமா வீட்டு வேலை.

குத்தகையா, கிரயமா: மாஸ்டர்ங்கறது என்ன?

இப்ப "திருட்டு" குற்றச்சாட்டுக்கு வருவோம், பிசினஸ் பக்கமும் இங்க தான் இருக்கு. ஒரு பாட்டுல ரெண்டு சொத்து இருக்கு. மெட்டும் வரியும் ஒரு சொத்து, அது சமையல் குறிப்பு மாதிரி. அதைப் பாடி வாசிச்சு பதிவு பண்ணது இன்னொரு சொத்து, அது ஆக்கி வெச்ச குழம்பு. அந்தப் பதிவோட மூலத்துக்குத் தான் மாஸ்டர்னு பேரு. இளையராஜா பாட்டு உரிமை பத்தின சண்டைகள்லயும் பாதிப் பேர் இந்த ரெண்டையும் ஒண்ணா போட்டுக் குழப்பிக்குவாங்க. சாம்பிள் எடுக்கும்போது ரெண்டு சொத்துக்காரங்க கிட்டயும் அனுமதி வாங்கணும், காசு கொடுக்கணும். அனுமதி வாங்குனா அது திருட்டு இல்ல.

ஆனா ஒரு வலியான விஷயம் இருக்கு. டாஃப்ட் பங்கோட "ஒன் மோர் டைம்" பாட்டுல 1979ல வந்த ஒரு டிஸ்கோ பாட்டோட துண்டு இருக்கு. அதுக்கான காசு போய்ட்டு தான் இருந்துச்சு, அந்தப் பதிவோட உரிமையை வெச்சிருந்த கம்பெனிக்கு. பாடுன மனுஷருக்கு பல வருஷம் ஒண்ணுமே வரலைன்னு 2021ல தான் பத்திரிகையில வெளிவந்துச்சு. குழம்பு அவர் வெச்சது, சட்டி இன்னொருத்தர் கையில.

இந்த வித்தியாசத்தை டாஃப்ட் பங்க் இருபது வயசு சொச்சத்துலயே புரிஞ்சு வெச்சிருந்தாங்க. பாங்கால்டரோட அப்பா டேனியல் வாங்கார்ட் டிஸ்கோ காலத்துல பெரிய பாடலாசிரியர், தயாரிப்பாளர், ஒட்டவான் குழுவோட "டி.ஐ.எஸ்.சி.ஓ" பாட்டு அவரும் சேர்ந்து எழுதுனது. ஹோம்வொர்க் ஆல்பத்துல அவரோட அறிவுரைக்குன்னே தனியா நன்றி போட்டிருக்காங்க. 1996ல வர்ஜின்ங்கற பெரிய ரெக்கார்டு கம்பெனியோட ஒப்பந்தம் போட்டப்ப பாட்டுகளை கிரயம் பண்ணிக் கொடுக்கல, டாஃப்ட் டிராக்ஸ்னு சொந்தக் கம்பெனி ஆரம்பிச்சு அது மூலமா குத்தகைக்கு விட்டாங்க. இந்தக் குத்தகைக்குத் தான் லைசென்ஸ்னு பேரு. காசை விட கட்டுப்பாடு தான் எங்களுக்கு முக்கியம்னு பாங்கால்டர் பேட்டியிலயே சொல்லியிருக்கார். ஹெல்மெட் அதுக்கு அப்புறம் வந்த கதை.

அவங்களும் ஒரு தடவை சறுக்குனாங்க

2001ல "டிஸ்கவரி" ஆல்பம் சிடி வாங்குனா உள்ள ஒரு கார்டு இருக்கும், அதுல ஒரு தனி எண். அதை வெச்சு டாஃப்ட் கிளப்னு ஒரு இணைய சேவைக்குள்ள போனா புது ரீமிக்ஸ் எல்லாம் டவுன்லோட் பண்ணிக்கலாம். காசு கொடுத்து வாங்கறவருக்கு கூடுதலா ஏதாவது கொடுக்கணும்ங்கற யோசனை அந்தக் காலத்துக்கு ரொம்ப முன்னாடி. ஆனா ஃபைல்களுக்கு காப்பி பண்ண முடியாத பூட்டு போட்டிருந்தாங்க. இணையத்துல பாட்டு ஃபைல்களை இலவசமா பகிர்ந்துக்கற நேப்ஸ்டர்ல பூட்டே இல்லாம பாட்டு எடுத்துப் பழகுன ஜனங்க அவங்க. 2003ல சேவையை மூடிட்டு அந்த ரீமிக்ஸ்களை சாதாரண சிடியா போட்டாங்க.

எனக்கு இதுல ரோலண்ட் பண்ண அதே தப்பு தான் தெரியுது. இதை இப்படித் தான் பயன்படுத்தணும்னு விக்கறவர் முடிவு பண்ணிட்டார். அதுவும் கிட்டார்காரருக்குன்னு செஞ்ச பெட்டியை வேற எதுக்கோ திருகி, அடுத்தவங்க ரெக்கார்டை வெட்டி வளர்ந்த ரெண்டு பேர், தங்களோட சொந்த ரசிகர் கைக்கு வந்தப்ப பூட்டு போட்டாங்கங்கறது எனக்கு நிஜமாவே வருத்தமான விஷயம்.

ரோலண்டுக்கும் விலை இருந்துச்சு. பழைய கடையில கை மாறுன எந்த 303க்கும் கம்பெனிக்கு ஒரு பைசா வரலை. டிமாண்ட் ஏறி பழைய பெட்டி விலை பல மடங்கு போனப்பவும் அந்தக் காசு பெட்டியைச் சேத்து வெச்சவங்க கைக்குத் தான் போச்சு. 303 சத்தத்தை காப்பி அடிச்சு மத்தவங்க சாஃப்ட்வேரும் பெட்டியும் விக்க, 2014ல தான் ரோலண்ட் டிபி-3, டிஆர்-8னு அந்தக் குடும்பத்தைத் திரும்பக் கொண்டுவந்துச்சு. 303 நின்னு முப்பது வருஷம்.

இப்ப கேட்டுப் பாருங்க

ஹெட்ஃபோன் மாட்டிக்கிட்டு "டா ஃபங்க்" போடுங்க. முதல்ல தும் மட்டும் எண்ணுங்க, நாலு தட்டு, தகதிமி உள்ளுக்குள்ள ஓடட்டும். முக்கிய மெட்டு வந்ததும் அதை விட்டுடுங்க, எல்லாரும் அதைத் தான் கேப்பாங்க. பாட்டோட நடுவுல அடியில இருந்து ஒரு கொழகொழ சத்தம் நெளிஞ்சு மேல வரும், முதல்ல ஜன்னல் சாத்துன மாதிரி மங்கலா, அப்புறம் "ஊ"வுல இருந்து "ஈ" பக்கமா வாயைத் திறந்துட்டே போகும். அது தான் அந்த வெள்ளிப் பெட்டி. ஸ்வரம் அதே ஸ்வரம் தான் சுத்துது, மாறிட்டே இருக்கறது பாங்கால்டர் பெட்ரூம்ல ஒரு குமிழைத் திருகற விரல்.